சீருடை கழற்றிய பிறகும் இடுப்பில் துப்பாக்கி: அமெரிக்கச் சட்டம் எதைக் கொடுத்தது, எதை விட்டுவிட்டது?

பிப்ரவரி 28. வாசகர் ஒருவரின் கேள்வி

அமெரிக்காவில் போலீஸ்காரர் ஒருவர் விடுமுறை நாளில், சாதாரண உடையில், வேறு மாநிலத்துக்குப் போனால்கூடச் சட்டைக்குள் துப்பாக்கியை மறைத்து எடுத்துச் செல்லலாம் என்கிறார்களே, உண்மையா? வேலை முடிந்து வீட்டுக்கு வந்துவிட்டால் அவரும் என்னைப் போல ஒரு ஆள்தானே? அவருக்கு மட்டும் இந்தச் சலுகை எதற்கு?

மார்ச் 2, ஞாயிறு இரவு

உண்மைதான். 2004 ஜூலை 22 அன்று அதிபர் ஜார்ஜ் டபிள்யூ. புஷ் கையெழுத்திட்ட சட்டம் அது. சட்ட அமலாக்க அதிகாரிகள் பாதுகாப்புச் சட்டம் என்று தமிழில் சொல்லலாம். காவலர்கள் அதன் ஆங்கிலப் பெயரின் முதலெழுத்துகளைச் சேர்த்து 'லியோசா' என்பார்கள். அதற்கு முன்பு ஒவ்வொரு மாநிலத்துக்கும் ஒரு விதி. நியூஜெர்சியில் காவலராக இருப்பவர் ஹட்சன் ஆற்றுப் பாலத்தைத் தாண்டி நியூயார்க்கில் கால் வைத்தால், அங்கே அவர் உரிமம் இல்லாமல் துப்பாக்கி வைத்திருக்கும் ஒரு வெளியூர்க்காரர் என்றாகிவிடக் கூடும். அந்தக் குழப்பத்தை லியோசா தீர்த்தது. தகுதி உள்ள காவலர், தன் துறை கொடுத்த புகைப்பட அடையாள அட்டையைக் கையில் வைத்திருந்தால், எந்த மாநிலத்திலும் துப்பாக்கியை மறைத்து எடுத்துச் செல்லலாம். மறைத்து வைக்கக் கூடாது என்று அந்த மாநிலச் சட்டம் சொன்னாலும் அது இவரைக் கட்டாது. ஓய்வுபெற்றவர்களுக்கும் இந்த உரிமை உண்டு, பதினைந்து ஆண்டு சேவை இருந்தால்.

சலுகை எதற்கு என்று கேட்டீர்கள். காவலர் சிறைக்கு அனுப்பியவர்கள் வெளியே வருகிறார்கள். கடைத்தெருவில் குடும்பத்தோடு போகும்போது அவரை அடையாளம் கண்டுகொள்கிறார்கள். பணி நேரம் முடிந்துவிட்டது என்பது அவர்களுக்குக் கணக்கில்லை. சட்டத்துக்கு ஆதரவாகச் சொல்லப்பட்ட முதல் காரணம் இது. ஆபத்து நேரும் இடத்தில் பயிற்சி பெற்ற ஒருவர் கூடுதலாக இருப்பார் என்பது இரண்டாவது. முதலாவதை நான் முழுமனதோடு ஏற்கிறேன். இரண்டாவதைப் பற்றிப் பிறகு எழுதுகிறேன், அங்கேதான் எனக்கு உறக்கம் கெடுகிறது.

இதைப் பற்றி நான் ஏன் இவ்வளவு படித்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். என் அக்காள் மகன் நியூஜெர்சியில் ஒரு நகராட்சியில் காவலராகச் சேர்ந்து இது மூன்றாவது ஆண்டு. எங்கள் குடும்பத்தில் முதல் ஆள்.

மார்ச் 2, அதே இரவு

திருத்தம். ஓய்வுபெற்றவர்களுக்குப் பதினைந்து ஆண்டு என்பது 2004-இல் இருந்த நிலை. 2010 திருத்தத்துக்குப் பிறகு மொத்தம் பத்து ஆண்டு சேவை போதும். ஆண்டுக்கு ஒருமுறை தங்கள் செலவில் துப்பாக்கிச் சூட்டுத் தேர்வில் தேறிக் காட்ட வேண்டும். பழைய குறிப்பைப் பார்த்து எழுதிவிட்டேன்.

மார்ச் 4

"அப்படியானால் பேட்ஜ் வைத்திருக்கிற யாரும் எங்கும் துப்பாக்கியோடு திரியலாமா" என்று இரண்டு பேர் கேட்டிருக்கிறீர்கள். இல்லை. கைது செய்யும் அதிகாரம் சட்டப்படி இருக்க வேண்டும். துறையே அவருக்குத் துப்பாக்கி வைத்திருக்க அனுமதி கொடுத்திருக்க வேண்டும். துறை வைத்திருக்கும் சுடும் தேர்வுகளில் தேறியிருக்க வேண்டும். காவல் அதிகாரம் நிறுத்திவைக்கப்படவோ பறிபோகவோ கூடிய ஒழுங்கு நடவடிக்கை அவர் மேல் நிலுவையில் இருக்கக் கூடாது. மது அல்லது போதைப் பொருளின் பிடியில் இருக்கக் கூடாது. இந்தக் கடைசி நிபந்தனையில் இத்தனை சதவீதம் என்று அளவு ஏதும் சட்டத்தில் இல்லை. அதனால்தான் என் அக்காள் மகன் கல்யாண வரவேற்புக்குப் போனால் ஒன்று எலுமிச்சைச் சாறு குடிப்பான், இல்லையென்றால் துப்பாக்கியை வீட்டுப் பெட்டியில் பூட்டிவிட்டு வருவான். "இரண்டில் ஒன்றுதான் மாமா" என்பான்.

கைது அதிகாரம் என்ற அந்த ஒரு சொற்றொடருக்காகவே வழக்குகள் நடந்திருக்கின்றன. சிறைக் காவலர்களுக்குக் கைது அதிகாரம் உண்டா இல்லையா? தலைநகர் வாஷிங்டனில் ஓய்வுபெற்ற சிறைக் காவலர்கள் இந்த உரிமையைக் கேட்டு வழக்குத் தொடுத்தார்கள். அவர்கள் வழக்காட இடமுண்டு என்று 2016-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது. நியூஜெர்சி அரசோ, ஓய்வுபெற்ற காவலர்கள் மாநிலத்தின் தனி அனுமதியையும் வாங்க வேண்டும், அதுவும் 75 வயது வரைதான் என்று பிடிவாதமாக இருந்தது. 2024 பிப்ரவரியில், நியூஜெர்சி அடங்கிய மூன்றாவது வட்டாரத்தின் கூட்டாட்சி மேல்முறையீட்டு நீதிமன்றம் கூட்டாட்சிச் சட்டமே மேலோங்கும் என்று தீர்ப்பளித்தது.

இனி, போகக் கூடாத இடங்கள். தனியார் தங்கள் இடத்தில் துப்பாக்கி வேண்டாம் என்று சொல்ல மாநிலச் சட்டம் இடம் கொடுத்தால் அது செல்லும். மாநில, உள்ளாட்சிக் கட்டடங்களுக்கும் பூங்காக்களுக்கும் மாநிலம் விதிக்கும் தடையும் செல்லும். விமானத்தில் லியோசா உதவாது. துப்பாக்கியில் தோட்டாவை எடுத்துவிட்டு, பூட்டிய கெட்டிப் பெட்டியில் வைத்து, விமான நிறுவனத்திடம் அறிவித்து, சரக்குப் பகுதியில்தான் அனுப்ப வேண்டும். தபால் நிலையத்துக்குள்ளும் கூடாது.

பலருக்கும் தெரியாத ஒன்று பள்ளிக்கூடம். லியோசா மாநிலச் சட்டங்களைத்தான் விலக்குகிறது, கூட்டாட்சிச் சட்டங்களை விலக்கவில்லை. பள்ளியிலிருந்து ஆயிரம் அடிக்குள் துப்பாக்கி கூடாது என்பது கூட்டாட்சிச் சட்டம். அதில் காவலருக்கு விலக்கு, அவர் பணியில் இருக்கும்போது மட்டும். அதாவது, லியோசாவை மட்டும் நம்பி இடுப்பில் துப்பாக்கியோடு குழந்தையைப் பள்ளியில் விடப்போகும் காவலர் சட்டத்தின் எழுத்தின்படி குற்றம் செய்கிறார். குழந்தையை வாசலில் இறக்கிவிடும் தகப்பனைக் குற்றவாளியாக்குவது சட்டத்தை எழுதியவர்களின் எண்ணமாக இருந்திருக்க முடியாது. ஆனாலும் எழுத்து அப்படித்தான் நிற்கிறது.

மார்ச் 5

மதுரையிலிருந்து எழுதிய வாசகருக்கு: நீங்கள் சொல்வது சரி, நம் ஊரில் வழக்கம் வேறு. 1959-ஆம் ஆண்டு ஆயுதச் சட்டம் அரசு ஊழியருக்குக் கொடுக்கும் விலக்கு, அவர் பணியைச் செய்யும்போது வைத்திருக்கும் ஆயுதத்துக்குத்தான். என் பெரியப்பா ஆயுதப்படையில் தலைமைக் காவலராக இருந்தவர். பந்தோபஸ்து முடிந்து வந்ததும் துப்பாக்கியைத் துடைத்து, எண்ணைச் சொல்லி, பதிவேட்டில் கையெழுத்துப் போட்டு ஒப்படைத்துவிட்டுத்தான் சைக்கிளை எடுப்பாராம். ஒருமுறை மழையில் நனைந்த தோட்டாக்களில் ஒன்று கணக்கில் குறைய, அதைத் தேடி இரவு முழுவதும் மைதானத்தில் சகதியைக் கிளறிக்கொண்டிருந்ததைச் சாகும் வரை சொல்லிக்கொண்டிருந்தார். ஒரே ஒரு தோட்டாவுக்காக. இங்கே என் அக்காள் மகன் பதினைந்து தோட்டாக்களோடு ரேஷன் கடைக்குப் போவதுபோல மளிகைக் கடைக்குப் போகிறான்.

இதில் எது சரி என்று நான் சொல்ல வரவில்லை. பெரியப்பா பணி செய்த ஊரில் அவரை எதிர்த்து வந்தவன் கையில் கம்பு இருந்தது. இவன் பணி செய்யும் ஊரில் எவன் கையில் என்ன இருக்கும் என்று யாருக்கும் தெரியாது.

மார்ச் 8, சனி

கொரோனா நகரச் சம்பவத்தை ஏன் சொல்லவில்லை என்று கோபமாகக் கேட்டிருக்கிறார் ஒருவர். கேட்க வேண்டிய கேள்விதான்.

தெரியாதவர்களுக்காக: கலிபோர்னியாவில் கொரோனா என்று ஒரு நகரம். 2019 ஜூன் 14 அன்று அங்கே காஸ்ட்கோ கடையில், பணியில் இல்லாத லாஸ் ஏஞ்சலஸ் காவலர் ஒருவர் குழந்தையைக் கையில் வைத்துக்கொண்டு நின்றிருந்தார். கென்னத் பிரெஞ்ச் என்ற 32 வயது இளைஞர், அறிவு வளர்ச்சிக் குறைபாடு உள்ளவர், அவரைத் தாக்கித் தள்ளினார். காவலர் துப்பாக்கியை எடுத்துச் சுட்டார். கென்னத் இறந்தார். பக்கத்தில் நின்ற தாயும் தந்தையும் படுகாயமடைந்தார்கள். அந்த இளைஞரிடம் ஆயுதம் ஏதும் இல்லை. காவலர் துறை விதியை மீறினார் என்று லாஸ் ஏஞ்சலஸ் காவல் ஆணையம் முடிவு செய்தது. 2021-இல் மாநிலத் தலைமை வழக்கறிஞர் அவர் மேல் குற்ற வழக்கும் பதிந்தார்.

அந்தக் கடையில் வேறு யாராக இருந்தாலும் அன்று ஒரு தள்ளுமுள்ளு நடந்திருக்கும், கீழே விழுந்தவர் எழுந்து திட்டியிருப்பார், அவ்வளவுதான். துப்பாக்கி இருந்ததால் ஒரு குடும்பம் அழிந்தது. இதை மறைத்துக்கொண்டு லியோசாவை நான் ஆதரிக்க முடியாது.

இன்னொன்றையும் சொல்கிறேன். போன ஆண்டு எங்கள் வீட்டில் வளைகாப்பு. அக்காள் மகன் நீண்ட ஜிப்பா போட்டு வந்திருந்தான். வளையல் அடுக்கும் நேரத்தில் என் தம்பியின் ஆறு வயது மகள் ஓடிவந்து அவன் இடுப்பைக் கட்டிக்கொண்டாள். கட்டிய கை சட்டென்று நின்றது. "அத்தான், இங்கே என்ன கல்லு மாதிரி இருக்கிறது?" என்று கேட்டாள். அவன் ஒரு கணத்தில் அவளைத் தூக்கி மறுபக்கத் தோளில் உட்கார வைத்து, "வளையல் வாங்கினாயா?" என்று பேச்சை மாற்றிவிட்டான். ஜிப்பாவின் மடிப்பை இடது கையால் இழுத்துவிட்டதை நான் பார்த்தேன். சந்தனமும் மஞ்சளும் மணக்கிற அந்தக் கூடத்தில் அது இருந்தது. அன்று இரவு அவனிடம் கேட்டேன், இந்த வீட்டுக்குள்ளுமா? "காரில் விட்டு வந்தால் யாராவது கண்ணாடியை உடைத்து எடுத்துப் போவான் மாமா. என் இடுப்பில் இருப்பதுதான் பாதுகாப்பு" என்றான். அதற்கு என்னிடம் பதில் இல்லை.

மார்ச் 9

நேற்று எழுதியதைக் காலையில் படித்தபோது ஒரு பக்கம் சாய்ந்துவிட்டதாகத் தோன்றியது. மறுபக்கத்தையும் எழுதுகிறேன்.

2007 பிப்ரவரி 12. யூட்டா மாநிலம், சால்ட் லேக் சிட்டி, ட்ராலி ஸ்கொயர் வணிக வளாகம். கென்னத் ஹேமண்ட் என்ற காவலர், வேறு நகரமான ஆக்டனைச் சேர்ந்தவர், கர்ப்பிணி மனைவியோடு உணவகத்தில் சாப்பிட வந்திருந்தார். பதினெட்டு வயது இளைஞன் ஒருவன் துப்பாக்கியோடு நுழைந்து கண்ணில் பட்டவர்களைச் சுட்டான். ஐந்து பேர் இறந்தார்கள். ஹேமண்ட் தன் துப்பாக்கியை எடுத்து அவனோடு மோதி அவன் கவனத்தைத் தன் பக்கம் இழுத்துப் பிடித்தார். சால்ட் லேக் சிட்டி காவலர்கள் வந்து அவனைச் சுட்டு வீழ்த்தினார்கள். ஹேமண்ட் அன்று துப்பாக்கியை வீட்டில் வைத்துவிட்டு வந்திருந்தால் ஐந்தோடு நின்றிருக்காது.

இதில் எல்லோரும் ஹேமண்டைப் பற்றிப் பேசுகிறார்கள். நான் அவர் மனைவியைப் பற்றி நினைக்கிறேன். அவர் காவல் துறையில் அவசர அழைப்புகளை வாங்கி ரோந்துக்குச் சொல்லும் பணியில் இருந்தவர். அந்தக் களேபரத்தில் உணவகப் பரிமாறுபவரின் கைபேசியை வாங்கி, அவசர உதவி எண்ணான 911-க்கு அழைத்தார்.

மார்ச் 12

உறக்கம் கெடுகிறது என்றேனே, அது இதுதான்.

ஒமர் எட்வர்ட்ஸ், வயது 25, நியூயார்க் காவலர், கறுப்பினத்தவர். 2009 மே 28 இரவு, கிழக்கு ஹார்லெம். பணி முடிந்து தன் காருக்கு வருகிறார். ஒருவன் காரை உடைத்துத் திருடிக்கொண்டிருக்கிறான். பிடிக்கப் போனவரின் கையிலிருந்து அவன் நழுவி ஓட, எட்வர்ட்ஸ் துப்பாக்கியை உருவிக்கொண்டு துரத்துகிறார். அந்த வழியாகச் சாதாரண உடைக் காவலர்கள் அடையாளம் இல்லாத காரில் வருகிறார்கள். அவர்கள் கண்ணுக்குத் தெரிவது துப்பாக்கியோடு தெருவில் ஓடும் ஒரு கறுப்பு இளைஞன். சத்தம் போடுகிறார்கள். எட்வர்ட்ஸ் திரும்புகிறார். ஆறு குண்டுகள். உயிரைக் காப்பாற்றச் சட்டையைக் கிழித்தபோது, உள்ளே காவலர் பயிற்சிப் பள்ளியின் பனியன் இருந்தது. அதைப் பார்த்த பிறகுதான் சுடப்பட்டவர் யார் என்று அந்தக் காவலர்களுக்குத் தெரிந்தது. பேட்ஜ் பைக்குள் இருந்தது.

அதற்கு முந்தைய ஆண்டு, 2008 ஜனவரி 25, நியூயார்க் மாநிலத்தின் ஒயிட் ப்ளெய்ன்ஸ் நகரம். கிறிஸ்டோபர் ரிட்லி, வயது 23, பக்கத்து நகரமான மவுண்ட் வெர்னனின் காவலர். தெருவில் ஒருவர் தாக்கப்படுவதைப் பார்த்துத் தடுக்கப் போனார். மாவட்டக் காவலர்கள் சுட்டுக் கொன்றார்கள். 2000 ஜனவரி 28, ரோட் ஐலண்ட் மாநிலத்தின் ப்ராவிடன்ஸ் நகரம். கார்னல் யங், வயது 29, அந்நகரக் காவலர். உணவகத்தில் உணவுக்காகக் காத்திருந்தவர், வெளியே சண்டை என்றதும் சக காவலர்களுக்கு உதவ ஓடினார். சுட்ட இருவரில் ஒருவர் அவரோடு ஒரே வகுப்பில் பயிற்சி பெற்றவர். யங்கின் தந்தை அதே துறையில் உயர் அதிகாரி.

மூவருமே கறுப்பினத்தவர். எட்வர்ட்ஸ் இறந்த பிறகு நியூயார்க் ஆளுநர் ஒரு குழு அமைத்தார். 2010-இல் அறிக்கை வந்தது. முப்பது ஆண்டுகளில் அமெரிக்கா முழுவதும் 26 காவலர்கள் இப்படி ஆள் தெரியாமல் சக காவலர்களால் கொல்லப்பட்டிருந்தார்கள். பணியில் இல்லாதபோது இப்படி இறந்த கடைசி வெள்ளை இனக் காவலர் இறந்தது 1982-இல். அதற்குப் பிறகு பணியில் இல்லாதபோது இப்படி இறந்தவர்கள் எல்லோரும் வெள்ளையர் அல்லாதவர்கள்.

லியோசா என்ன கேட்கிறது? புகைப்பட அட்டை கையில் இருக்க வேண்டும் என்கிறது. அட்டையை எடுத்துக் காட்ட அவகாசம் கிடைக்கும் இடத்தில் அது போதும். போக்குவரத்துக் காவலர் காரை நிறுத்திக் கேட்டால் போதும். இரவு பத்தரை மணிக்கு, இருட்டில், துப்பாக்கி ஏற்கெனவே கையில் இருக்கும்போது அந்த அட்டை யாருக்குத் தெரியும்? சட்டம் துப்பாக்கியை மறைத்து வைக்க உரிமை கொடுத்தது. ஆளும் அதோடு சேர்ந்து மறைந்துபோகிறான். அவனைக் காவலன் என்று அடையாளம் காட்ட அந்தச் சட்டத்தில் ஒரு வரிகூட இல்லை.

மார்ச் 13

"அது அவர்கள் பிரச்சினை, நம் பிள்ளைகளுக்கு என்ன?" என்று எழுதிய நண்பருக்கு. அப்படி எழுதாதீர்கள். தெருவிளக்கு வெளிச்சத்தில் துப்பாக்கியோடு ஓடுகிறவனிடம் நின்று உன் பூர்வீகம் தஞ்சாவூரா என்று யாரும் கேட்கப்போவதில்லை. என் அக்காள் மகன் என் அப்பாவின் நிறம். எட்வர்ட்ஸின் தாய் அழுத அழுகை எங்கள் அக்காவுடையதும்தான்.

மார்ச் 16, ஞாயிறு

பயிற்சியில் இதையெல்லாம் சொல்லித்தருகிறார்களே என்று கேட்டவருக்கு: தருகிறார்கள். ரோந்துக் காவலர் குரல் கொடுத்தால், சீருடையில் இல்லாதவன் அப்படியே உறைந்து நிற்க வேண்டும். "போலீஸ், சுடாதீர்கள்" என்று உரக்கச் சொல்ல வேண்டும். துப்பாக்கி இருக்கும் கையை அசைக்கவே கூடாது. முக்கியமாக, திரும்பிப் பார்க்கக் கூடாது. கேட்க எளிதாக இருக்கிறது.

இன்று அக்கா வீட்டில் மதிய உணவு. அவன் சமையலறையில் பாயசத்தைக் கிளறிக்கொண்டிருந்தான். நான் பின்னால் வந்து, சொல்லாமல் கொள்ளாமல், "ஏய்! அசையாதே!" என்று கத்தினேன். அவன் கரண்டியோடு முழு உடம்பையும் திருப்பி என்னைப் பார்த்தான். பாயசம் தரையில் சொட்டியது. அரை நொடிகூட ஆகியிருக்காது.

சிரிப்பான் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. கரண்டியைப் பார்த்தான், சொட்டிய இடத்தைப் பார்த்தான். "திரும்பிவிட்டேன் மாமா" என்றான். அடுப்பை அணைத்துவிட்டுச் சுவரைப் பார்த்து நின்று, "இன்னொரு முறை கத்துங்கள்" என்றான். பத்துப் பதினைந்து முறை கத்தியிருப்பேன். தெரிந்தே நிற்கும்போது அவன் அசையவில்லை. அது வேறு, தெரியாமல் வருவது வேறு என்று எங்கள் இருவருக்கும் தெரியும். அக்கா கூடத்திலிருந்து என்ன சத்தம் என்று கேட்டாள். ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டோம்.

ஆகவே முன்பு நான் எழுதியதில் ஒன்றை மாற்றிக்கொள்கிறேன். பயிற்சி பெற்ற ஒருவர் கூடுதலாக இருப்பார் என்ற இரண்டாவது காரணத்தை நான் மறுக்கவில்லை. ஆனால் அவர் துப்பாக்கியை உருவாமல் இருப்பதுதான் பெரும்பாலான நேரங்களில் சரி. ஒளிந்துகொண்டு, பார்த்து, 911-க்குச் சொல்லி, நல்ல சாட்சியாக இருப்பது. எட்வர்ட்ஸ் துரத்தியது ஒரு கார்த் திருடனை. அந்தக் காரில் இருந்த எதுவும் அவர் உயிருக்கு ஈடாகாது. கண் முன்னே உயிர் போகிறது என்றால் மட்டும், ஹேமண்டைப் போல. அக்காள் மகனிடம் இதைச் சொன்னேன். அவன் பயிற்சி அதிகாரியும் இதையே சொல்லியிருக்கிறாராம்.

மார்ச் 17

துப்பாக்கியோடு பேட்ஜையும் கழுத்தில் சங்கிலியில் தொங்கவிடலாமே என்று யோசனை சொன்னவருக்கு நன்றி. அவனிடம் கேட்டேன். உருவ வேண்டிய கட்டம் வந்தால் பேட்ஜைத் துப்பாக்கியோடு ஒட்டி உயர்த்திப் பிடிக்கக் கற்றிருக்கிறான். ஆனால் பின்னாலிருந்து வருகிறவருக்கு முன்பக்கத்தில் தொங்கும் பேட்ஜ் தெரியாது. எட்வர்ட்ஸுக்குப் பின்னாலிருந்துதான் குரல் வந்தது.

மார்ச் 23, ஞாயிறு இரவு

ஒரு வாரம் எழுதவில்லை. வீட்டில் இதே பேச்சுதான். அக்காவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டோம். சொல்லாமல் இருந்திருக்கலாமோ என்று முதல் இரண்டு நாள் தோன்றியது, அவள் சரியாகச் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள் அவளே கேட்டாள்: அந்த ஆக்டன் காவலரின் மனைவி தொலைபேசியில் என்ன சொல்லியிருப்பாள்?

அதைத்தான் இப்போது வீட்டில் எல்லோரும் கற்றுக்கொண்டிருக்கிறோம். அவனோடு வெளியே போயிருக்கும்போது ஏதாவது நேர்ந்தால் மற்றவர்கள் விலகி மறைவாக நின்றுகொண்டு 911-ஐ அழைக்க வேண்டும். முதலில் இடம். அடுத்து, இங்கே பணியில் இல்லாத காவலர் ஒருவர் இருக்கிறார், அவர் கையில் துப்பாக்கி இருக்கிறது என்ற வாக்கியம். உடனே அவன் போட்டிருக்கும் உடை, தலையிலிருந்து கால் வரை. நடந்ததைக் கதையாகச் சொல்வதெல்லாம் அதற்குப் பிறகுதான். அக்காவுக்கு ஆங்கிலம் தடுமாறும். வாக்கியத்தைத் தமிழ் எழுத்தில் எழுதி வைத்துக்கொண்டு சொல்லிப் பார்க்கிறாள். இன்று மாலை கோயிலுக்குக் கிளம்பும்போது வாசலில் அவனை நிறுத்தி மேலும் கீழும் பார்த்தாள்.

"நீலக் கட்டம் போட்ட சட்டை. கறுப்புப் பேன்ட். வெள்ளை ஷூ" என்றாள்.

அவன் காலைப் பார்த்துவிட்டு, "சாம்பல் நிற ஷூ அம்மா" என்றான்.

அவள் திருத்திக்கொண்டு மறுபடியும் முதலிலிருந்து சொன்னாள்.